மாண்ட்ரியால் கனேடியன்ஸின் 24 கோப்பைகள்: சலுகையா, சாதனையா?

மாண்ட்ரியால் கனேடியன்ஸ் என்ற கனடாவின் ஐஸ் ஹாக்கி அணியைப் பற்றிக் கேள்வி கேட்டவர் எழுதியிருப்பது இது: "மாண்ட்ரியால் கனேடியன்ஸ் 24 முறை ஸ்டான்லி கோப்பை வென்ற அணி என்று கொண்டாடுகிறார்கள். லீக்கில் ஆறே அணி இருந்த காலம், பிரெஞ்சு பேசும் பையன்களை முதலில் எடுத்துக்கொள்ளும் உரிமை, இரண்டும் சேர்ந்து கொடுத்த கோப்பைகள்தானே? 132 புள்ளி சாதனையையும் 2023ல் பாஸ்டன் உடைத்துவிட்டது. அப்புறம் என்ன பெருமை?" கொஞ்சம் குத்தலாக இருந்தாலும் நியாயமான கேள்விதான். வேறு வேறு விதிகளின் கீழ் எடுத்த எண்களை ஒப்பிடலாமா என்பதுதான் இதன் சாரம். ஒப்பிடலாம். ஆனால் ஒவ்வொரு எண்ணையும் அது பிறந்த வருஷத்து விதிகளோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும். அப்படிப் படித்தால் கனேடியன்ஸின் சில சாதனைகள் சுருங்கும், சில இன்னும் பெரிதாகும். கேட்டவர் சந்தேகப்படுகிற இடங்களில் சுருக்கம் அதிகமில்லை. அவர் கவனிக்காத வேறு இடங்களில்தான் இருக்கிறது.

முதலில் அந்த 24. இதில் சந்தேகத்துக்கு இடமில்லை. 1916, 1924, 1930, 1931, 1944, 1946, 1953, 1956 முதல் 1960 வரை வரிசையாக ஐந்து, 1965, 1966, 1968, 1969, 1971, 1973, 1976 முதல் 1979 வரை வரிசையாக நான்கு, பிறகு 1986, 1993. குழப்பம் வருவது வேறு காரணங்களால். கிளப் தொடங்கியது 1909 டிசம்பர் 4 அன்று, என்.எச்.எல். என்ற இன்றைய வட அமெரிக்க லீக் பிறந்தது 1917 நவம்பரில். எனவே 1916 கோப்பை என்.எச்.எல். காலத்துக்கு முந்தையது. அப்போது கனேடியன்ஸ் என்.எச்.ஏ. என்ற பழைய லீக்கில் ஆடிக்கொண்டிருந்தது. மேற்குக் கரை லீக்கின் சாம்பியனான போர்ட்லண்ட் ரோஸ்பட்ஸை 3-2 என்ற கணக்கில் வென்றது. எங்காவது 23 என்று பார்த்தால், அந்த ஒன்றைக் கழித்துவிட்டார்கள் என்று பொருள். மாண்ட்ரியால் நகரத்துக்குக் கிடைத்த கோப்பைகளையெல்லாம் இந்த அணியின் கணக்கில் சேர்ப்பது இன்னொரு பிழை. 1926லும் 1935லும் வென்றது மாண்ட்ரியால் மரூன்ஸ். அதற்கும் முன்னால் விக்டோரியாஸ், ஷாம்ராக்ஸ், வாண்டரர்ஸ் என்று அதே ஊரில் வேறு அணிகள் வென்றிருக்கின்றன. 1919ல் யாருக்குமே கோப்பை இல்லை. சியாட்டிலில் நடந்த இறுதித் தொடர் இரண்டு வெற்றி, இரண்டு தோல்வி, ஒரு டிரா என்று சமநிலையில் நின்றபோது, உலகமெங்கும் பரவிய இன்ஃபுளூயன்சா காய்ச்சல் கனேடியன்ஸ் அணியைப் படுக்கையில் தள்ளியது. தொடர் கைவிடப்பட்டது, கனேடியன்ஸின் தடுப்பாட்டக்காரர் ஜோ ஹால் அங்கேயே இறந்துபோனார்.

இனி ஆறு அணிக் காலம். 1942-43 சீசன் முதல் 1966-67 வரை லீக்கில் ஆறு அணிகள்தான். அந்த 25 கோப்பைகளில் கனேடியன்ஸுக்கு 10, டொரன்டோவுக்கு 9, டெட்ராய்ட்டுக்கு 5, சிகாகோவுக்கு 1. பாஸ்டனுக்கும் நியூயார்க் ரேஞ்சர்ஸுக்கும் ஒன்றுகூட இல்லை. ஆறே அணி என்பதால் கோப்பை சுலபம் என்றால் அந்தச் சுலபம் ஆறு பேருக்கும் பொதுவாகத்தான் இருந்தது; ஆறில் ஒரு பங்கு என்று பார்த்தால் ஒவ்வொருவருக்கும் நான்கு வந்திருக்க வேண்டும். ஆனாலும் கேட்டவரின் சந்தேகத்தில் பாதி சரி. அன்றைக்கு ஆறில் நான்கு அணிகள் பிளே ஆஃபுக்குப் போகும்; இரண்டு தொடர், எட்டு வெற்றி, கோப்பை கையில். 1960ல் கனேடியன்ஸ் சிகாகோவை 4-0, டொரன்டோவை 4-0 என்று எட்டே ஆட்டத்தில் முடித்தது. இன்றைக்கு நான்கு சுற்று, 16 வெற்றி வேண்டும். அதனால் அன்றைய ஒரு கோப்பையும் இன்றைய ஒரு கோப்பையும் ஒரே உழைப்பு என்று சொல்ல முடியாது.

இன்னொரு பக்கம், 24ல் ஆறு அணிக் காலத்தைச் சேர்ந்தவை 10 மட்டுமே. அதற்கு முன் 4, அதற்குப் பின் 10. விரிவாக்கத்துக்குப் பின் வந்த பத்தில்தான் உண்மையான சலுகைக் கோப்பை ஒன்றிரண்டு இருக்கின்றன, ஆனால் அதை யாரும் பேசுவதில்லை. 1967ல் லீக் ஆறிலிருந்து பன்னிரண்டு அணிகளாக வளர்ந்தபோது, புதிய ஆறு அணிகளையும் ஒரே பிரிவில் போட்டார்கள். அந்தப் பிரிவின் வெற்றியாளர் நேராக இறுதிக்கு வருவார். அதாவது இறுதிப் போட்டியில் ஒரு பக்கம் கட்டாயம் புது அணி. 1968லும் 1969லும் கனேடியன்ஸ் இறுதியில் சந்தித்தது செயின்ட் லூயிஸ் புளூஸை; இரண்டு முறையும் 4-0. அந்த இரண்டு கோப்பையிலும் நிஜமான சண்டை பழைய அணிகளின் பிரிவுக்குள்ளேயே முடிந்துவிட்டது. ஒருவர் குறை சொல்ல விரும்பினால் சொல்ல வேண்டிய இடம் இது.

பிரெஞ்சு வீரர்கள் மீதான உரிமைதான் இந்த அணியைப் பற்றி அதிகம் புழங்குகிற பாதி உண்மை. தொடக்க காலத்தில், என்.எச்.ஏ. நாட்களில், பிரெஞ்சு பேசும் வீரர்கள் பெரும்பாலும் கனேடியன்ஸுக்கே என்ற ஏற்பாடு இருந்தது உண்மை. அணியை உருவாக்கியதே மாண்ட்ரியாலின் பிரெஞ்சு மக்களை மைதானத்துக்கு வரவழைக்கத்தான். பிறகு 1963ல் இளையோர் டிராஃப்ட் (அணிகள் முறைவைத்து இளம் வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் ஏற்பாடு) வந்தபோது, வேறு எந்த அணிக்கும் முன்னால் கியூபெக் மாகாணத்தின் இரண்டு பிரெஞ்சு வீரர்களை எடுத்துக்கொள்ளலாம் என்ற விருப்ப உரிமையும் இருந்தது. அது 1969 வரை நீடித்தது. இதைக் கேட்டதும் அணியின் நட்சத்திரங்களான மோரீஸ் ரிஷார், ழான் பெலிவோ, கீ லஃப்ளேர் எல்லாரும் அந்த வழியில் வந்தவர்கள் என்று முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள். ஒருவர்கூட அப்படி வரவில்லை. ரிஷாரும் பெலிவோவும் வந்தபோது டிராஃப்டே இல்லை. லஃப்ளேர் வந்தபோது அந்த உரிமை போய்விட்டது. உரிமையைப் பயன்படுத்தியது இரண்டே முறை. 1968ல் கோல்கீப்பர் மிஷேல் பிளாஸையும் ரொஜே பெலிலையும் எடுத்தார்கள்; பெலில் என்.எச்.எல்.லில் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. 1969ல் ரெஜான் ஊல், மார்க் தார்டிஃப். ஊல் ஐந்து கோப்பை வென்ற உழைப்பாளி, தார்டிஃப் இரண்டு கோப்பைக்குப் பிறகு என்.எச்.எல்.லுக்குப் போட்டியாக வந்த லீக்குக்குப் போய்விட்டார். இதுதான் மொத்த லாபம். அடுத்த வருஷமே, மாண்ட்ரியாலின் ஜூனியர் அணியிலேயே ஆடிக்கொண்டிருந்த ஜில்பேர் பெரோவை, உரிமை காலாவதியானதால், புதிதாக வந்த பஃபலோ தட்டிக்கொண்டு போனது.

1963 முதல் 1967 வரை அந்த உரிமையை ஏன் தொடவில்லை? டிராஃப்டுக்கு வருகிற பையன்களில் தேறுகிறவர்கள் அநேகமாக இல்லை என்பதால். நல்ல பையன்களையெல்லாம் அதற்கு முன்பே அணிகள் பிடித்து வைத்திருந்தன. அப்போது சி ஃபாரம் என்று ஓர் ஒப்பந்தப் படிவம் இருந்தது. பதின்ம வயதுப் பையனும் பெற்றோரும் அதில் ஒரு கையெழுத்துப் போட்டால், பையனின் தொழில்முறை ஆட்ட வாழ்க்கை முழுக்க அந்த அணிக்குச் சொந்தம். அதோடு ஒவ்வொரு என்.எச்.எல். அணியும் ஜூனியர் அணிகளுக்குப் பணம் கொடுத்து வளர்க்கும். அங்கே ஆடுகிறவர்கள் மீது அதற்கு உரிமை வந்துவிடும். இந்த விளையாட்டை மற்றவர்களைவிடப் பெரிதாக ஆடியவர் ஃபிராங்க் செல்கி. 1946ல் டொரன்டோவிலிருந்து வந்து மாண்ட்ரியாலின் பொது மேலாளர் ஆனவர், கனடா முழுக்க ஜூனியர் அணிகளின் வலையை விரித்தார். பலன் வர ஏழு வருஷம் ஆனது. வந்த பிறகு நிற்கவில்லை. அவர் காலத்தில் ஆறு கோப்பை. டக் ஹார்வியும் டிக்கி மூரும் மாண்ட்ரியாலின் ஆங்கிலம் பேசும் பையன்கள். டாம் ஜான்சன் மனிடோபாவிலிருந்து வந்தவர். பிரெஞ்சு உரிமையால் இவர்களை விளக்க முடியாது. கியூபெக் நகரத்திலேயே ஆடிக்கொண்டு மாண்ட்ரியாலுக்கு வர மாட்டேன் என்றிருந்த பெலிவோவைப் பிடிக்க, 1953ல் அவர் ஆடிய கியூபெக் சீனியர் லீக்கையே கனேடியன்ஸ் விலைக்கு வாங்கித் தொழில்முறை லீக்காக மாற்றியது. இதைப் பணபலம் என்று சொல்லுங்கள், பொருந்தும். மொழிச் சலுகை என்று சொன்னால் பொருந்தாது.

செல்கிக்குப் பின் 1964ல் வந்த சாம் போலக் 1978 வரை இருந்து ஒன்பது கோப்பை வென்றார். அவர் முறை வேறு. கையில் மிகுதியாக இருந்த நடுத்தர வீரர்களைப் புதிய, பலவீனமான அணிகளுக்குக் கொடுத்து, அவர்களின் வருங்கால முதல் சுற்று டிராஃப்ட் வாய்ப்புகளை வாங்கினார். புது அணிக்கு உடனே நாலு ஆட்டம் ஜெயித்தாக வேண்டும், டிக்கெட் விற்க வேண்டும்; மூன்று வருஷம் கழித்து வரப்போகிற பதினெட்டு வயதுப் பையனைப் பற்றி யோசிக்க நேரமில்லை. 1970ல் கலிபோர்னியா கோல்டன் சீல்ஸ் அணிக்கு எர்னி ஹிக்கியையும் அந்த வருஷத்துத் தன் முதல் சுற்று வாய்ப்பையும் கொடுத்து, அவர்களுடைய 1971 முதல் சுற்று வாய்ப்பை வாங்கினார். 1971ல் முதலில் எடுக்கப்படப் போகிறவர் கீ லஃப்ளேர் என்பது எல்லாருக்கும் தெரிந்த கதை. சீல்ஸ் கடைசி இடத்தில் முடித்தால்தான் அந்த வாய்ப்பு முதல் வாய்ப்பாகும். சீசன் நடுவில் லாஸ் ஏஞ்சலிஸ் கிங்ஸ் அதைவிட மோசமாகத் தடுமாறியபோது, போலக் தன் அனுபவசாலி ரால்ஃப் பேக்ஸ்ட்ராமை கிங்ஸுக்குக் கொடுத்து அவர்களைத் தூக்கி நிறுத்தினார் என்பார்கள். இதில் பேக்ஸ்ட்ராம் மாற்றப்பட்டதும், லஃப்ளேர் கிடைத்ததும் உறுதி. ஆனால் அந்த ஒரு மாற்றம்தான் விதியை மாற்றியது என்பது அவ்வளவு உறுதியில்லை. சீசன் முடிவில் சீல்ஸ் 45 புள்ளி, டெட்ராய்ட் 55, கிங்ஸ் 63. பேக்ஸ்ட்ராம் ஒருவரே 18 புள்ளி இடைவெளியை உண்டாக்கியிருக்க முடியாது. சீல்ஸ் தாமாகவே சரிந்தார்கள். கதை நன்றாக இருக்கிறது என்பதற்காகப் புள்ளிப் பட்டியலைப் பார்க்காமல் விடக் கூடாது. அதே 1971 டிராஃப்டில் இருபதாவதாக எடுத்த லாரி ராபின்சன், 1972ல் நான்காவதாக எடுத்த ஸ்டீவ் ஷட், 1973ல் எட்டாவதாக எடுத்த பாப் கெய்னி ஆகியோரும் சேர்ந்ததுதான் அடுத்து வந்த அணி.

அந்த அணியின் 1976-77 சீசனைத்தான் பாஸ்டனோடு ஒப்பிட வேண்டும். கனேடியன்ஸ் 80 ஆட்டம் ஆடி 60 வெற்றி, 8 தோல்வி, 12 டிரா, 132 புள்ளி (வெற்றிக்கு இரண்டு, டிராவுக்கு ஒன்று). பாஸ்டன் புரூயின்ஸ் 2022-23ல் 82 ஆட்டம் ஆடி 65 வெற்றி, 12 தோல்வி, கூடுதல் நேரத்தில் 5 தோல்வி, 135 புள்ளி. 135 பெரிய எண் என்பதால் சாதனை உடைந்தது. ஏட்டுக் கணக்கில் அதில் தகராறு இல்லை. ஆனால் வாய்ப்புள்ள மொத்தப் புள்ளியில் எவ்வளவு எடுத்தார்கள் என்று வகுத்துப் பாருங்கள். 160க்கு 132 என்றால் 82.5 சதவீதம். 164க்கு 135 என்றால் 82.3. இரண்டு ஆட்டம் கூட ஆடியதுதான் பாஸ்டனின் மூன்று புள்ளி முன்னிலை.

இதற்கும் மேல் டிரா விஷயம் இருக்கிறது. வழக்கமான சீசனில் கூடுதல் நேரம் என்பதை 1942 நவம்பரில், போர்க்கால ரயில் அட்டவணைக்காக, லீக் நிறுத்திவிட்டது. 1983-84ல்தான் ஐந்து நிமிடமாகத் திரும்பி வந்தது. 1999-2000 முதல் கூடுதல் நேரத்தில் தோற்றாலும் ஒரு புள்ளி. 2005-06 முதல் சமநிலை என்பதே கிடையாது. கிரிக்கெட்டில் சூப்பர் ஓவர் மாதிரி ஷூட் அவுட் வைத்து யாரையாவது ஜெயிக்க வைத்துவிடுவார்கள். 2015-16 முதல் கூடுதல் நேரத்தில் மூன்று பேருக்கு மூன்று பேர். ஆக 1976-77ல் 60 நிமிடம் முடிந்து 3-3 என்றால் ஆளுக்கொரு புள்ளியோடு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். கனேடியன்ஸ் அப்படிப் போனது 12 முறை. இன்றைய விதியில் அந்த 12 ஆட்டத்திலும் ஒரு புள்ளி உறுதி, பாதியை வென்றிருந்தால் மேலும் ஆறு. 138 ஆகியிருக்கும். இது ஊகம்தான், சாதனைப் புத்தகத்தில் ஏறாது. பாஸ்டன் பக்கம் ஊகம் தேவையில்லை: அவர்களின் 65 வெற்றியில் 60 நிமிடத்துக்குள் வந்தவை 54. மீதி 11 கூடுதல் நேரத்திலோ ஷூட் அவுட்டிலோ வந்தவை. கனேடியன்ஸின் 60ம் 60 நிமிடத்துக்குள் வந்தவை. 60ஐ 54ஓடு ஒப்பிடுங்கள். தோல்வியிலும் அப்படியே. பாஸ்டனின் 12 என்ற எண்ணுக்குப் பக்கத்தில் இன்னொரு பத்தியில் 5 உட்கார்ந்திருக்கிறது. தோற்ற ஆட்டங்கள் மொத்தம் 17. கனேடியன்ஸ் தோற்றது 8.

கோல் வித்தியாசம் இன்னும் தெளிவாகப் பேசும். கனேடியன்ஸ் போட்டது 387, வாங்கியது 171, வித்தியாசம் 216. ஆட்டத்துக்கு 2.7 கோல். பாஸ்டன் 305க்கு 177. வித்தியாசம் 128, ஆட்டத்துக்கு 1.56. இடையில் 62 வெற்றி எடுத்த 1995-96 டெட்ராய்ட் 325க்கு 181, வித்தியாசம் 144. ஒரு சீசனில் 446 கோல் போட்டு இன்றும் உச்சத்தில் நிற்கும் 1983-84 எட்மண்டன் ஆயிலர்ஸுக்கே, 314 வாங்கியதால், வித்தியாசம் 132தான். 216க்குப் பக்கத்தில் இவை எதுவும் வரவில்லை. சொந்த மைதானமான ஃபோரத்தில் கனேடியன்ஸ் 33 வெற்றி, 6 டிரா, ஒரே தோல்வி. அந்தத் தோல்வி அக்டோபர் கடைசியிலேயே பாஸ்டனிடம் வந்து முடிந்தது. அதன்பின் சீசன் முடியும்வரை 34 ஆட்டம் ஃபோரத்தில் யாரும் அவர்களைத் தோற்கடிக்கவில்லை. லஃப்ளேருக்கு, போட்ட கோலும் கோலுக்கு உதவியதும் சேர்த்து, 136 புள்ளி, ஷட்டுக்கு 60 கோல், ராபின்சனின் பிளஸ் மைனஸ் (அவர் களத்தில் இருந்தபோது அணி போட்ட கோலுக்கும் வாங்கிய கோலுக்கும் உள்ள வித்தியாசம்) +120. பயிற்சியாளர் ஸ்காட்டி போமன்.

பிறகு பிளே ஆஃப். அந்த வருஷம் முதல்நிலை அணிகளுக்கு முதல் சுற்று விலக்கு. மூன்று தொடர், 12 வெற்றி போதும். கனேடியன்ஸ் 14 ஆட்டத்தில் முடித்தது, இறுதியில் பாஸ்டனை 4-0. 2023 பாஸ்டன் முதல் சுற்றிலேயே புளோரிடாவிடம் 3-1 என்று முன்னிலையில் இருந்து ஏழாவது ஆட்டத்தில் வெளியேறியது. இதை வைத்து மட்டும் பாஸ்டனைக் குறைத்து மதிப்பிடுவது சரியில்லை. ஐஸ் ஹாக்கியில் ஏழு ஆட்டத் தொடர் என்பது சிறிய மாதிரி. ஒரு கோல்கீப்பர் சூடு பிடித்தால் போதும். 62 வெற்றி எடுத்த 2018-19 டாம்பாவும் முதல் சுற்றில் கொலம்பஸிடம் 0-4 என்று நசுங்கியது.

கனேடியன்ஸுக்கு எதிராகச் சொல்ல வேண்டியதையும் சொல்லிவிட வேண்டும். 1976-77ல் என்.எச்.எல்.லில் 18 அணிகள். பத்து வருஷத்தில் ஆறிலிருந்து பதினெட்டு. அதே நேரம் டபிள்யூ.எச்.ஏ. என்ற போட்டி லீக் கூடுதல் சம்பளம் கொடுத்து வீரர்களை இழுத்துக்கொண்டிருந்தது. ஐரோப்பிய வீரர்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவில்தான். திறமை நீர்த்துப்போயிருந்த லீக் அது. அடிமட்ட அணிகள் மிகவும் பலவீனம். 2022-23ல் 32 அணி, சம்பள உச்சவரம்பு, உலகம் முழுவதிலிருந்தும் வீரர்கள். அணிகளுக்கிடையே இடைவெளி குறைந்த லீக்கில் 60 நிமிட வெற்றி 54 எடுப்பது எளிதல்ல. 1976-77 அணியை நேரத்தில் தூக்கி 2023ல் போட்டால் ஜெயிக்குமா என்ற கேள்விக்கு எந்தப் புள்ளிவிவரமும் விடை சொல்லாது. தம் காலத்து எதிரிகளைவிட யார் எவ்வளவு தூரம் முன்னால் இருந்தார்கள் என்பதற்கு மட்டும்தான் சொல்லும். அந்த அளவுகோலில் என் தீர்ப்பு கனேடியன்ஸுக்கே. அதற்கு முந்தைய சீசனிலும் பிந்தைய சீசனிலும் 127, 129 புள்ளி. மூன்று சீசன் சேர்த்து 240 ஆட்டத்தில் 29 தோல்விதான்.

புள்ளி சதவீதம்தான் கடைசி அளவுகோல் என்று பிடித்துக்கொண்டால் கனேடியன்ஸே தோற்றுவிடும் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 1929-30ல் பாஸ்டன் 44 ஆட்டத்தில் 38 வெற்றி, 5 தோல்வி, ஒரு டிரா, 87.5 சதவீதம். இதுவரை யாரும் தொடவில்லை. அந்த சீசன் முழுக்க பாஸ்டன் தொடர்ந்து இரண்டு ஆட்டம் தோற்றதே கிடையாது. இறுதிப் போட்டி மூன்றுக்கு இரண்டு என்ற குட்டித் தொடர். எதிரணி கனேடியன்ஸ். முதல் இரண்டையும் கனேடியன்ஸே வென்று கோப்பையைத் தூக்கிக்கொண்டு போனது.

அதே காலத்துச் சாதனை ஒன்றை விதியோடு சேர்த்துப் படித்தால் எப்படிச் சுருங்குகிறது என்று பாருங்கள். 1928-29ல் கனேடியன்ஸ் கோல்கீப்பர் ஜார்ஜ் ஹெய்ன்ஸ்வொர்த் 44 ஆட்டத்தில் 22ல் ஒரு கோலும் விடவில்லை. வாங்கியது மொத்தமே 43. இது என்றும் உடையாத சாதனை என்பார்கள், உடையவும் உடையாது. காரணம் அவர் திறமை மட்டுமல்ல; அன்றைக்கு எதிரணியின் பகுதிக்குள் பக்கை (பந்துக்குப் பதிலாக ஆடும் ரப்பர் தட்டு) முன்னோக்கிப் பாஸ் செய்யவே அனுமதியில்லை. தாக்குகிறவர் தானே ஓட்டிக்கொண்டு போக வேண்டும், இல்லையென்றால் பின்னால் தள்ள வேண்டும். கனேடியன்ஸே அந்த சீசனில் 44 ஆட்டத்தில் 71 கோல்தான் போட்டது. கூட்டம் கொட்டாவி விட்டது. 1929-30ல் முன்னோக்கிய பாஸை எல்லாப் பகுதியிலும் அனுமதித்தார்கள். கோல்கள் மழையாகப் பொழிந்து, சீசன் நடுவில் ஆஃப்சைடு விதியைக் கொண்டுவந்து கட்டுப்படுத்த வேண்டியதாயிற்று. 22 என்பது உண்மையான எண்தான். ஆனால் அதை வைத்து ஹெய்ன்ஸ்வொர்த்தை, பின்னால் வந்த கனேடியன்ஸ் கோல்கீப்பர்களான ஜாக் பிளாண்டுக்கோ கென் டிரைடனுக்கோ மேலே வைக்க முடியாது.

விதியோடு சேர்த்துப் படித்தால் எண் பெரிதாவதற்கு உதாரணம் 1956 முதல் 1960 வரையிலான ஐந்து தொடர் கோப்பை. அதற்கு முன் வரை இரண்டு நிமிடத் தண்டனை பெற்ற ஆட்டக்காரர், எதிரணி எத்தனை கோல் போட்டாலும், இரண்டு நிமிடமும் தண்டனைப் பெட்டியில் உட்கார வேண்டும். 1955 நவம்பர் 5 அன்று பாஸ்டனின் இருவர் ஒரே நேரத்தில் உள்ளே இருந்தபோது, பெலிவோ 44 விநாடிகளில் மூன்று கோல் போட்டார். ஹார்வி நீலக்கோட்டில் நின்று பக்கை நிதானமாக நகர்த்துவார், பெலிவோவும் ரிஷாரும் கோலுக்கு முன்னால், ஜெஃப்ரியோன் பக்கவாட்டிலிருந்து ஓங்கி அடிப்பார். ஒரு தண்டனையில் இரண்டு மூன்று கோல் வாங்குவது எதிரணிகளுக்கு வாடிக்கையாகிவிட்டது. 1956-57 முதல் ஒரு கோல் விழுந்ததும் தண்டனை முடிந்தது என்று விதியை மாற்றினார்கள். தங்கள் பெரிய ஆயுதத்தை மழுங்கடித்த பிறகும் கனேடியன்ஸ் அடுத்த நான்கு கோப்பையையும் வென்றது. ஐந்திலும் ஆடியவர்கள் 12 பேர். பத்துத் தொடர் ஆடி பத்தும் வெற்றி. இதற்கும் ஒரு அடிக்குறிப்பு உண்டு: 1980 முதல் 1983 வரை நான்கு கோப்பை வென்ற நியூயார்க் ஐலண்டர்ஸ், 1984 இறுதி வரை தொடர்ந்து 19 தொடர்களை வென்றது. கோப்பை எண்ணிக்கையில் கனேடியன்ஸ், தொடர் எண்ணிக்கையில் ஐலண்டர்ஸ். இரண்டில் எது பெரிது என்றால், ஐலண்டர்ஸ் பக்கம் சாய்வேன்.

தனிநபர் விருதுகளை வைத்துக் கணக்குப் போடுகிறவர்கள் வழுக்கி விழும் இடங்களும் உண்டு. பிளாண்டின் ஏழு வெசினா கோப்பையை இன்றைய வெசினாவோடு ஒப்பிடக் கூடாது. 1981 வரை அது மிகக் குறைந்த கோல் வாங்கிய அணியின் கோல்கீப்பருக்குத் தானாகப் போகும் பரிசு. வாக்களித்துக் கொடுப்பது அதன் பிறகுதான். பிளே ஆஃபின் சிறந்த ஆட்டக்காரருக்கான கான் ஸ்மைத் விருது 1965ல்தான் தொடங்கியது, முதலில் வாங்கியவர் பெலிவோ. 1960ல் ஓய்வு பெற்ற மோரீஸ் ரிஷாரிடம் அது இல்லை என்று குறை சொல்ல முடியாது. பிளஸ் மைனஸ் அதிகாரபூர்வமாக 1967-68லிருந்துதான் இருக்கிறது. ராபின்சனின் +120, பாபி ஆரின் +124க்கு அடுத்தது என்று சொல்லலாம். ஹார்வியைவிடப் பெரியது என்று சொல்ல ஆதாரமே கிடையாது. ஆன்றி ரிஷாரின் 11 கோப்பை மட்டும் எந்த விதியாலும் சுருங்குவதில்லை. ஆட்டக்காரராக அதைவிட அதிகம் வென்றவர் யாருமில்லை, பெலிவோவுக்கும் கூர்னோயேக்கும் பத்துப் பத்து.

கடைசிக் கோப்பையான 1993 பற்றியும் ஒரு வார்த்தை, ஏனென்றால் சலுகை என்ற பேச்சுக்கே இடமில்லாத கோப்பை அது. 24 அணி லீக், நான்கு சுற்று, 16 வெற்றி, 4 தோல்வி. 11 ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போனது. முதலாவதில் தோற்று, அடுத்த பத்தையும் வென்றார்கள். கோலில் பாட்ரிக் ருவா. திருப்பம் இறுதித் தொடரின் இரண்டாவது ஆட்டத்தில். லாஸ் ஏஞ்சலிஸ் கிங்ஸ் தொடரில் 1-0, ஆட்டத்தில் 2-1 என்று முன்னிலை. இரண்டு நிமிடத்துக்கும் குறைவான நேரமே மீதி. கனேடியன்ஸ் பயிற்சியாளர் ஜாக் டெமெர்ஸ், மார்ட்டி மக்சோர்லியின் மட்டையை அளக்கச் சொன்னார். மட்டையின் வளைவு அரை அங்குலத்துக்கு மேல் போகக் கூடாது. அளந்தார்கள், போயிருந்தது, இரண்டு நிமிடத் தண்டனை. அளவு சரியாக இருந்திருந்தால் தண்டனை கேட்டவர் அணிக்கே வந்திருக்கும். டெமெர்ஸ் கோல்கீப்பரையும் வெளியே எடுத்து நான்கு பேருக்கு ஆறு பேரை இறக்கினார். தடுப்பாட்டக்காரர் எரிக் டெஜார்டான் சமன் செய்தார், கூடுதல் நேரத்தின் 51வது விநாடியில் அவரே முடித்தார். ஆட்டத்தின் மூன்று கோலும் அவருடையவை. கிங்ஸின் மட்டைகளைக் கனேடியன்ஸ் தரப்பு முன்கூட்டியே ரகசியமாக அளந்து பார்த்தது என்று பேச்சு உண்டு, டெமெர்ஸ் மறுத்தார். மட்டை விதிக்குப் புறம்பாக இருந்ததில் மட்டும் யாருக்கும் கருத்து வேறுபாடு இல்லை.

அதன்பின் கனேடியன்ஸ் இறுதிக்கு வந்தது 2021ல் ஒரே முறை, டாம்பாவிடம் 1-4. ஜூனியர் அணிகளைச் சொந்தமாக வைத்திருக்கும் முறை போனது, டிராஃப்ட் எல்லாருக்கும் சமமானது, சம்பளத்துக்கு உச்சவரம்பு வந்தது, அணிகள் 32 ஆயின. செல்கியும் போலக்கும் பயன்படுத்திய இரண்டு கதவுமே இன்று மூடியிருக்கின்றன. கனேடியன்ஸுக்கு மட்டுமல்ல, 1993க்குப் பிறகு 2025 வரை கனடாவின் எந்த அணிக்கும் கோப்பை கிடைக்கவில்லை. இதற்கு வரி, வானிலை, டாலர் மதிப்பு என்று பல காரணங்கள் சொல்கிறார்கள். எதுவும் தனியாக நிரூபணமானதில்லை. 32ல் ஏழு அணிகள்தான் கனடாவில் இருக்கின்றன என்ற எளிய கணக்கை முதலில் வைத்துக்கொண்டு மற்றவற்றைப் பேசுவது நல்லது.